படம் பிடித்த இடத்தைத் தேடி: கோடம்பாக்கம் முதல் சுந்தரபாண்டியபுரம் வரை

திரையில் பார்த்த இடத்தை நேரில் போய்ப் பார்க்கும் வழக்கம் தமிழ்நாட்டில் ஸ்டூடியோக்களோடு சேர்ந்தே வளர்ந்தது. தொடக்கத்தில் அது சென்னைப் பயணத்தின் ஒரு பகுதி. தென் மாவட்டத்துக்காரர்கள் ரயிலேறிப் போய்க் கோடம்பாக்கத்தின் வாசல்களில் நின்றார்கள். 1970களின் இறுதியில் கேமரா ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்ததும் இந்தப் பயணத்தின் திசை மாறியது. வயலும் மலையும் அக்கிரகாரமும் பார்க்க வேண்டிய இடங்களாயின; நகரத்து ரசிகர்கள் கிராமத்தைத் தேடி வரத் தொடங்கினார்கள். ராஜபாளையத்துக்கும் சிவகிரிக்கும் இடையே, திருமங்கலம்–கொல்லம் நெடுஞ்சாலையில், மேற்குத் தொடர்ச்சி மலையின் கிழக்கு அடிவாரத்தில் இருக்கும் சேத்தூர் இந்த இரு காலங்களையும் கண்ட ஊர். ஒரு காலத்தில் மெட்ராஸ் பார்க்கப் போனவர்கள் புறப்பட்ட சாலையும், இன்று சூரியகாந்தித் தோட்டம் பார்க்கத் தென்காசிப் பக்கம் போகிறவர்கள் கடக்கும் சாலையும் ஒன்றுதான்.

கதையின் இடம், படத்தின் இடம்

ஒரு கதையில் மனம் பறிகொடுத்தவர்கள் அந்தக் கதை நடந்த மண்ணைத் தேடிப் போவது சினிமாவுக்கு முன்பே இங்கே ஊறிய பழக்கம். சேத்தூருக்கு வடக்கே உள்ள ஸ்ரீவில்லிபுத்தூரே அதற்குச் சான்று. ஆண்டாள் கோயிலுக்கு வருகிறவர்கள் சன்னதியைச் சேவிப்பதோடு நிற்பதில்லை. பெரியாழ்வார் துளசிச் செடியருகே குழந்தையைக் கண்டெடுத்ததாகச் சொல்லப்படும் நந்தவனத்தைப் பார்க்கிறார்கள். பெருமாளுக்குரிய மாலையைத் தான் சூடிக்கொண்டு ஆண்டாள் அழகு பார்த்ததாகச் சொல்லப்படும் கண்ணாடிக் கிணற்றை எட்டிப் பார்க்கிறார்கள். கேட்ட கதைக்கு ஓர் இடமும் அந்த இடத்தில் கண்ணால் காண ஒரு பொருளும் கிடைக்கும்போது கதை இன்னும் நெருங்கி வருகிறது. சினிமா ரசிகரின் பயணத்துக்கும் இதுவே அடிப்படை.

சினிமாவில் மட்டும் ஒரு சிக்கல் கூடுதலாக உண்டு. கதை நடக்கும் இடம் ஒன்றாகவும் படம் பிடித்த இடம் வேறாகவும் இருக்கும். பி.ஆர். பந்துலு இயக்கி 1959இல் வெளிவந்த ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ இதைத் தெளிவாகக் காட்டுகிறது. கதை பாஞ்சாலங்குறிச்சியில் நடக்கிறது. படமோ சென்னை ஸ்டூடியோவிலும் ராஜஸ்தானின் ஜெய்ப்பூரிலும் எடுக்கப்பட்டது. உண்மையான கோட்டையை ஆங்கிலேயர் தரைமட்டமாக்கி ஒன்றரை நூற்றாண்டு ஆகியிருந்ததால் படம் பிடிக்க அங்கே ஒன்றும் மிச்சமில்லை. ஆனால் படம் பார்த்தவர்களின் மனம் போனது ஜெய்ப்பூருக்கு அல்ல, பாஞ்சாலங்குறிச்சிக்கும் கயத்தாறுக்கும்தான். கட்டபொம்மன் 1799 அக்டோபர் 16 அன்று தூக்கிலிடப்பட்ட கயத்தாறில், அந்த வேடத்தில் நடித்த சிவாஜி கணேசனே நிலம் வாங்கிச் சிலை எழுப்பினார். பாஞ்சாலங்குறிச்சியில் தமிழக அரசு 1974இல் நினைவுக் கோட்டையைக் கட்டியது. படப்பிடிப்பே நடக்காத இரண்டு இடங்களுக்கு இன்றும் வந்து நிற்கிறவர்கள் பலருடைய மனத்தில் இருக்கும் கட்டபொம்மனின் குரல் சிவாஜியின் குரல்தான்.

ஸ்டூடியோ வாசல்

முதல் தமிழ்ப் பேசும் படமான ‘காளிதாஸ்’ 1931இல் வந்தபோது தமிழ்நாட்டில் பேசும் படம் எடுக்க ஸ்டூடியோ கிடையாது. அது பம்பாயில் எடுக்கப்பட்டது. அடுத்த சில ஆண்டுகளுக்கும் நடிகர்கள் குழுவாக ரயிலேறிப் பம்பாய்க்கோ கல்கத்தாவுக்கோ போய் நடித்துவிட்டு வந்தார்கள். 1930களின் நடுவில் நிலைமை மாறியது. சென்னையில் ஸ்ரீனிவாசா சினிடோன், சேலத்தில் டி.ஆர். சுந்தரத்தின் மாடர்ன் தியேட்டர்ஸ், கோயம்புத்தூரில் சென்ட்ரல் ஸ்டூடியோ ஆகியவை எழுந்தன. எஸ்.எஸ். வாசன் 1940இல் மவுண்ட் ரோடில் ஜெமினி ஸ்டூடியோவைத் தொடங்கினார். போர்க்காலத்துக்குப் பின் காரைக்குடியில் இயங்கிய ஏ.வி. மெய்யப்பனின் ஸ்டூடியோ 1948இல் கோடம்பாக்கத்துக்கு இடம்பெயர்ந்தது. விஜயா–வாஹினி வளர்ந்து ஆசியாவின் பெரிய ஸ்டூடியோக்களில் ஒன்றாகப் பேசப்பட்டது. சென்னை ஸ்டூடியோக்கள் பல ஒரே வட்டாரத்தில் குவிந்ததால், கோடம்பாக்கம் என்றாலே சினிமா என்று ஆயிற்று.

தெற்கிலிருந்து மெட்ராஸ் போகிறவர்களின் பட்டியல் ஏற்கெனவே முடிவாகியிருந்தது. கடற்கரை, துறைமுகம், எழும்பூர் அருங்காட்சியகம், விலங்குக் காட்சிசாலை. அருங்காட்சியகத்தைச் ‘செத்த காலேஜ்’ என்றும் விலங்குக் காட்சிசாலையை ‘உயிர் காலேஜ்’ என்றும் மக்கள் சொன்னார்கள். இந்தப் பட்டியலில் ஸ்டூடியோவும் சேர்ந்துகொண்டது. ஊரில் டூரிங் டாக்கீஸின் மணல் தரையில் உட்கார்ந்து படம் பார்த்தவர்களுக்கு, அந்த அரண்மனைகளும் தெருக்களும் எங்கே இருக்கின்றன என்ற ஆவல் இயல்பானது. ‘பேசும் படம்’, ‘குண்டூசி’, பிறகு 1966இல் தொடங்கிய ‘பொம்மை’ ஆகிய இதழ்கள் படப்பிடிப்புச் செய்திகளையும் தளங்களில் எடுத்த புகைப்படங்களையும் வெளியிட்டு அந்த ஆவலை வளர்த்தன.

ஆனால் ஸ்டூடியோ பொதுமக்களுக்காகக் கட்டப்பட்ட இடம் அல்ல. வசனம் படத்தோடு சேர்த்துப் பதிவான காலத்தில் தளத்தில் ஒரு தும்மல் கூடக் காட்சியைக் கெடுத்துவிடும். அமெரிக்காவிலும் இதே அனுபவம் உண்டு. 1915இல் திறக்கப்பட்ட யுனிவர்சல் ஸ்டூடியோ 25 சென்ட் கட்டணம் வாங்கிக்கொண்டு பார்வையாளர்களை உள்ளே விட்டது. மௌனப் படத்துக்குக் கைதட்டலால் கெடுதி இல்லை. பேசும் படம் வந்ததும் அந்த ஏற்பாடு நின்றுபோய், 1964இல்தான் திரும்பத் தொடங்கியது. சென்னையில் தெரிந்தவர் ஒருவர் உள்ளே வேலை பார்த்தால் அனுமதி கிடைக்கும். மற்றவர்கள் வாசலில் நின்று கார்களுக்குள் தெரியும் முகங்களைப் பார்த்துவிட்டுத் திரும்பினார்கள். ஏவிஎம் வாசலில் சுழலும் உருண்டை, அந்த நிறுவனத்தின் படங்கள் தொடங்கும்போது பார்த்துப் பழகிய அடையாளம் என்பதால், அதைக் கண்டதே பலருக்குக் கோடம்பாக்கத்தைக் கண்டதாயிற்று.

இடத்தைப் பார்க்க முடியாதபோது ஆட்களைப் பார்த்தார்கள். எம்.ஜி.ஆரின் ராமாவரம் தோட்டத்திலும் சிவாஜியின் அன்னை இல்லத்திலும் வெளியூர் ரசிகர்கள் காத்திருந்தார்கள். திருப்பதிக்கு வந்த தெலுங்கு யாத்திரிகர்களின் பேருந்துகள், பெருமாளைச் சேவித்த கையோடு சென்னைக்கு வந்து தியாகராய நகரில் என்.டி. ராமராவின் வீட்டு முன் நிற்பது பல ஆண்டுகள் நடந்தது. கிருஷ்ணனாகவும் வெங்கடேசனாகவும் திரையில் தோன்றியவரைக் காண்பதை அவர்கள் அந்த யாத்திரையின் தொடர்ச்சியாகவே கருதினார்கள்.

கேமரா வெளியே வந்த காலம்

எடை குறைந்த கேமராவும், கையோடு கொண்டுபோகக்கூடிய விளக்குகளும், வசனத்தைப் பிறகு தனியாகப் பதிவு செய்யும் டப்பிங் முறையும் சேர்ந்து படக்குழுவை ஸ்டூடியோவிலிருந்து விடுவித்தன. 1977இல் வந்த பாரதிராஜாவின் ‘16 வயதினிலே’ பெரும்பகுதி வெளிப்புறத்திலேயே எடுக்கப்பட்ட படமாக ஒரு திருப்பத்தை உண்டாக்கியது. மண் சாலையும் ஆட்டுக்கொட்டகையும் உண்மையாகவே திரையில் வந்தன. ஆனால் தமிழ்க் கிராமமாகவே எல்லோரும் எண்ணிய அந்த ஊர் கர்நாடகத்தின் மைசூர், கொள்ளேகால் பக்கம் இருந்தது. அடுத்த ஆண்டு மகேந்திரனின் ‘முள்ளும் மலரும்’ சிருங்கேரியில் எடுக்கப்பட்டது.

தமிழ்நாட்டுக்குள்ளும் சில ஊர்கள் படக்குழுவினரின் நிரந்தர முகாம்களாயின. வாய்க்காலும் வயலும் அருகே கொடிவேரி அணையும் உள்ள கோபிச்செட்டிபாளையத்துக்குச் ‘சின்னக் கோடம்பாக்கம்’ என்ற பெயரே வந்தது. பொள்ளாச்சியின் தென்னந்தோப்புகளும் பழைய ஜமீன் வீடுகளும் அதற்குப் போட்டியாயின. 1992இல் வந்த ‘தேவர் மகன்’ தென் மாவட்டத்து ஊர் ஒன்றின் கதையைப் பேசினாலும் பெரிய தேவரின் வீடாகக் காட்டப்பட்டது பொள்ளாச்சிப் பக்கம் சிங்காநல்லூரில் உள்ள அரண்மனைதான். சேத்தூர், சிவகிரி போன்ற ஜமீன் ஊர்களில் வளர்ந்தவர்களுக்கு அந்த வீட்டின் முற்றமும் தூண்களும் சொந்த ஊரை நினைவூட்டும். தெற்கின் கதைக்குக் கொங்கு நாட்டு அரண்மனை பொருந்திப்போனதற்கு இந்த ஒற்றுமையும் ஒரு காரணம்.

மலைவாசத் தலங்களில் படப்பிடிப்பு இடங்கள் சுற்றுலாவின் நிலையான பகுதியாயின. ஊட்டியிலிருந்து கூடலூர் போகும் சாலையில் ஆறாவது மைலும் ஒன்பதாவது மைலும் பாடல் காட்சிகளால் பெயர்பெற்றன. அங்குள்ள புல்வெளிக்கு ‘ஷூட்டிங் மட்டம்’ என்ற பெயர் நிலைத்துவிட்டது. வனத்துறை கட்டணம் வாங்கிக்கொண்டு பார்வையாளர்களை விடுகிறது. குன்னூருக்கும் ஊட்டிக்கும் நடுவே உள்ள கேத்தி ரயில் நிலையம் பாலு மகேந்திராவின் ‘மூன்றாம் பிறை’யின் இறுதிக் காட்சிக்காக 1982 முதல் நினைக்கப்படுகிறது. மலை ரயிலில் போகிறவர்கள் அந்தச் சின்ன நடைமேடையைக் கண்டதும் சன்னல் பக்கம் நகர்கிறார்கள்.

மணிரத்னத்தின் படங்கள் இந்த வழக்கத்தை மாநில எல்லைக்கு அப்பால் கொண்டுபோயின. 1995இல் வந்த ‘பம்பாய்’ நெல்லைச் சீமைக் கிராமம் ஒன்றில் தொடங்குகிறது. அதன் கடலோரக் கோட்டைக் காட்சி கேரளத்தின் காசர்கோடு மாவட்டத்துப் பேக்கல் கோட்டையில் எடுக்கப்பட்டது. திருமண வீட்டுப் பாடல் மதுரை திருமலை நாயக்கர் மகாலில் எடுக்கப்பட்டது. பம்பாய்த் தெருக்களோ சென்னை கிண்டியில் போட்ட செட். அதற்கு முன்பே 1987இல் ‘நாயகன்’ படத்தின் தாராவியைத் தோட்டா தரணி சென்னை வீனஸ் ஸ்டூடியோவில் கட்டியிருந்தார். செட் கலைக்கப்பட்டதும் அந்த இடம் மறைந்துவிடுகிறது. கோட்டையும் மகாலும் நிற்கின்றன. ரசிகர்கள் அங்கேதான் போக முடியும். 2010இல் வந்த ‘விண்ணைத்தாண்டி வருவாயா’வுக்குப் பிறகு ஆலப்புழைக்குப் போகும் தமிழ் இளைஞர்கள் பலர் படகேறிப் புளிங்குன்னு தேவாலயத்தையும் பார்த்துவிட்டு வருகிறார்கள்.

தொலைக்காட்சித் தொடர்களின் இடங்களைத் தேடிப் போவது குறைவு. தமிழ்த் தொடர்கள் பெரும்பாலும் சென்னையில் வாடகை வீடுகளுக்குள் எடுக்கப்பட்டு, ஒரே வீடு பல குடும்பங்களின் வீடாக மாறிமாறி வருவதால், நினைவில் நிற்கும் இடம் என்று ஒன்று உருவாவதில்லை. விதிவிலக்காக நிற்பது ‘மால்குடி டேஸ்’. சென்னையில் பிறந்த ஆர்.கே. நாராயண் கற்பனையில் படைத்த ஊருக்கு, 1980களில் சங்கர் நாக் இயக்கிய தொடர் கர்நாடகத்தின் ஆகும்பேயில் உருவம் கொடுத்தது. படம் பிடித்த வீடு ஆகும்பேயில் இன்றும் பார்க்கப்படுகிறது. சிவமொக்கா மாவட்டத்து அரசாளு ரயில் நிலையத்தில் ரயில்வே மால்குடி அருங்காட்சியகம் அமைத்திருக்கிறது. எந்த வரைபடத்திலும் இல்லாத ஓர் ஊருக்கு ரயிலில் போய் இறங்க முடிகிறது.

சுந்தரபாண்டியபுரம்

சேத்தூரிலிருந்து தெற்கே சிவகிரி, வாசுதேவநல்லூர், புளியங்குடி, கடையநல்லூர் வழியாகத் தென்காசி. தென்காசிக்கும் சுரண்டைக்கும் இடைப்பட்ட பகுதியில் சுந்தரபாண்டியபுரம். மேற்கே குற்றாலத்து மலைகள், செங்கோட்டைக் கணவாய் வழியாக வரும் தென்மேற்குப் பருவக் காற்று, ஆடி மாதத்திலும் வெயிலை மங்கவைக்கும் மேகம், வயல்களுக்கு நடுவே பாறைக் குன்றுகள், குளங்கள், ஓட்டு வீட்டுத் தெருக்கள். ஒளிப்பதிவாளர் தேடுகிற எல்லாம் நடந்துபோகும் தொலைவுக்குள் இருக்கின்றன.

1992 ஆகஸ்ட் 15 அன்று வெளிவந்த ‘ரோஜா’வின் நாயகிக்குச் சொந்த ஊர் அன்றைய திருநெல்வேலி மாவட்டத்துச் சுந்தரபாண்டியபுரம். அந்தப் படத்தில் கதையின் இடத்துக்கும் படத்தின் இடத்துக்கும் இடையிலான விலகல் மறுபடியும் தெரிகிறது. காஷ்மீர்க் காட்சிகள் இமாசலப் பிரதேசத்தின் மணாலியில் எடுக்கப்பட்டன. நாயகியின் ஆசைகளைச் சொல்லும் பாடலில் வரும் அருவிகளில் ஒன்று பாபநாசத்துக்கு மேலே காரையாறு அணைக்கு அப்பால் உள்ள பாணதீர்த்தம். அது வனப்பகுதிக்குள் இருப்பதால் நினைத்த நேரத்தில் போய்வர முடியாது. ஊரின் பெயர் மட்டும் படத்தில் அப்படியே வந்து, தமிழிலும் மொழிமாற்றம் செய்யப்பட்ட இந்தியிலும் தெலுங்கிலும் நாடு முழுதும் ஒலித்தது.

2005 ஜூனில் வந்த ஷங்கரின் ‘அந்நியன்’ அதே மண்ணில் வேறொரு தடத்தை விட்டது. கலை இயக்குநர் சாபு சிரிலின் குழு ஒரு பாடலுக்காகத் தென்காசி வட்டாரத்தில் வீட்டுச் சுவர்களையும் தெருவையும் லாரிகளையும் வண்ணமயமாக்கி, பாறைக் குன்றில் தமிழ்த் திரை நடிகர்களின் முகங்களைப் பெரிதாக வரைந்தது. படக்குழு போன பிறகு தெரு பழைய நிறத்துக்குத் திரும்பியது. பாறையின் சாயம் மங்கியும் அழியாமல் இருந்தது. ‘அந்நியன் பாறை’ என்று பெயர்பெற்ற அந்தக் குன்றில் ஏறி முகங்களை அடையாளம் காண்பதும், மேலிருந்து குளத்தையும் வயலையும் பார்ப்பதும் இப்போது குற்றாலப் பயணத்தின் ஒரு பகுதி.

பாறைக்கு வருகிறவர்களை இன்னும் பெருக்கியது சூரியகாந்தி. சுந்தரபாண்டியபுரம், ஆய்க்குடி, சாம்பவர்வடகரை சுற்றுவட்டாரத்தில் எண்ணெய்வித்துக்காக விதைக்கும் சூரியகாந்தி ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில் பூக்கிறது. அதே மாதங்கள்தான் குற்றாலத்தில் சீசன். கேரளத்திலிருந்து ஆரியங்காவு, புளியரை வழியாகக் குடும்பம் குடும்பமாக வந்து, திரையில் பார்த்த மஞ்சள் வயலில் நின்று படம் எடுத்துக்கொண்டு போகிறார்கள். விவசாயிக்கு இது இருவகையில் பொருள்படுகிறது. வயலோரத்தில் இளநீர், வெள்ளரி, நுங்கு விற்பனை நடக்கிறது. சிலர் உள்ளே போகச் சிறு தொகை வாங்குகிறார்கள். மறுபக்கம், வரப்பை மிதித்து உள்ளே நுழைவதாலும் பூவை ஒடிப்பதாலும் விளைச்சல் கெடுகிறது. ஒரு சூரியகாந்திச் செடியில் பொதுவாக ஒரு பூத்தான். அதை ஒடித்தால் அந்தச் செடியின் மொத்த விதையும் போயிற்று.

குணா குகை

படத்தின் பெயரே இடத்தின் பெயரான இன்னொரு சான்று கொடைக்கானலில் உள்ளது. 1821இல் ஆங்கிலேய நில அளவையாளர் பி.எஸ். வார்டு பதிவு செய்த அந்தப் பாறைப் பிளவுகளுக்கு ஆங்கிலேயர் ‘பேயின் அடுக்களை’ என்று பெயரிட்டிருந்தார்கள். சந்தானபாரதி இயக்கத்தில் கமல்ஹாசன் நடித்து 1991 தீபாவளிக்கு வந்த ‘குணா’ அதற்குள் படமாக்கப்பட்டது. அதன் பிறகு அது குணா குகை. வௌவால்கள் வாழும், அடி தெரியாத ஆழம் கொண்ட பிளவுகள் அவை. பலர் விழுந்து உயிரிழந்ததால் கம்பி வேலி போடப்பட்டது. 2006இல் கொச்சியை அடுத்த மஞ்ஞும்மலிலிருந்து நண்பர்களோடு சுற்றுலா வந்த இளைஞர் ஒருவர் உள்ளே விழுந்தார். கூட வந்தவர்களில் ஒருவர் கயிறு கட்டி இறங்கி அவரை உயிரோடு மீட்டார்.

அந்த நிகழ்ச்சியை வைத்துச் சிதம்பரம் இயக்கிய மலையாளப் படம் ‘மஞ்ஞும்மல் பாய்ஸ்’ 2024 பிப்ரவரி 22 அன்று வந்து தமிழ்நாட்டிலும் பெரும் வரவேற்பைப் பெற்றது. ‘குணா’வின் பாடல் புதிய தலைமுறையிடம் சேர்ந்தது, குகையைப் பார்க்க வருகிறவர்கள் திடீரெனப் பெருகினார்கள். ஆனால் அந்தப் படத்தின் குகை உட்புறம் எர்ணாகுளம் மாவட்டத்துப் பெரும்பாவூரில் போட்ட செட். பைன் மரங்களுக்கு நடுவே வேலிக்கு இப்பால் நின்று பார்க்கிறவருக்குத் தெரிவது மரவேர்களும் இருண்ட வாய்களும்தான். வேலியைத் தாண்டக் கூடாது என்பதற்கு அந்தப் படத்தைவிட வலுவான எச்சரிக்கை தேவையில்லை.

எஞ்சியிருப்பவை

கிராமங்கள் பார்க்கும் இடங்களாக வளர்ந்த அதே காலத்தில் ஸ்டூடியோக்கள் ஒவ்வொன்றாக மறைந்தன. ஜெமினி இருந்த இடத்தில் இன்று நட்சத்திர ஓட்டல். 1973இல் திறக்கப்பட்ட அண்ணா மேம்பாலத்தை ஜெமினி பாலம் என்று மக்கள் சொல்வதில்தான் அந்த ஸ்டூடியோ வாழ்கிறது. வாஹினி மனையில் மருத்துவமனையும் வணிக வளாகமும் உள்ளன. நூற்றுக்கு மேற்பட்ட படங்களை எடுத்த மாடர்ன் தியேட்டர்ஸ் வளாகத்தில் சேலம்–ஏற்காடு சாலையோர வளைவு மட்டும் மிஞ்சியது. பார்வையாளர்களையும் மனத்தில் வைத்து 1990களில் தரமணியில் அரசு அமைத்த திரைப்பட நகரம் நீடிக்கவில்லை. அதைச் சுற்றிய பகுதி தகவல் தொழில்நுட்ப வளாகங்களுக்குப் பேர்போனது. அந்த வாய்ப்பை 1996இல் ஹைதராபாத் அருகே தொடங்கிய ராமோஜி திரைப்பட நகரம் பிடித்துக்கொண்டது. தமிழ்நாட்டுப் பள்ளி, கல்லூரிச் சுற்றுலாக்கள் இன்று அங்கே போகின்றன. ஏவிஎம் தன் பழைய கேமராக்களையும் கார்களையும் வைத்து 2023இல் திறந்த அருங்காட்சியகம், வாசலில் நின்று திரும்பிய தலைமுறைக்குக் காலம் தாழ்ந்து திறந்த கதவு.

வேறு நாடுகள் படப்பிடிப்பு இடங்களைத் திட்டமிட்டுப் பேணியிருக்கின்றன. 1965இல் வந்த ‘சவுண்ட் ஆஃப் மியூசிக்’ எடுக்கப்பட்ட ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க் நகரில் அதற்கென்றே பேருந்துச் சுற்றுலா பல பத்தாண்டுகளாக நடக்கிறது. நியூசிலாந்தின் மாட்டமாட்டாவில் ஓர் ஆட்டுப் பண்ணையில் போட்ட செட்டை நிரந்தரமாகக் கட்டி வைத்திருக்கிறார்கள். தமிழ்நாட்டில் இந்த இடங்களைக் காத்துவருவது பெரும்பாலும் அங்கு வாழும் மக்களின் பொறுமைதான். சுந்தரபாண்டியபுரத்து வயல் ஒரு குடும்பத்தின் பிழைப்பு, கேத்தி நிலையம் தினமும் ரயில் நிற்கும் இடம், புளிங்குன்னு தேவாலயம் வழிபாட்டுத் தலம், திருமலை நாயக்கர் மகால் 17ஆம் நூற்றாண்டுச் சின்னம். ஒரு பலகையில் படத்தின் பெயரும் ஆண்டும் எடுத்தவர் பெயரும், வண்டி நிறுத்த இடம், வரப்புக்கு ஒரு கயிறு, கிடைக்கும் கட்டணத்தில் நில உடைமையாளருக்கும் ஊராட்சிக்கும் முறையான பங்கு ஆகியவற்றைச் செய்தாலே போதும். வருகிறவர் மகிழ்வார், வாழ்கிறவரும் இழக்கமாட்டார். சேத்தூர் முதல் செங்கோட்டை வரை மலையடிவாரத்தில் ஜமீன் அரண்மனைகளும் குளங்களும் தெப்பங்களும் இன்னும் பல உள்ளன. படக்குழு ஒருமுறை வந்துபோனால் அவையும் இந்த வரிசையில் சேரும். அதற்கு முன்பே அவற்றின் வரலாற்றை ஊரார் எழுதி வைத்துக்கொண்டால், தேடி வருகிறவருக்குப் படத்தின் கதையோடு ஊரின் கதையும் கிடைக்கும்.